கூடத்துக்கு வந்த பெட்டி, கைக்கு வந்த பெட்டி

(முன்னாள் மாணவர் சங்கத்தின் ஆண்டுச் சந்திப்பில் நிகழ்த்திய உரையின் எழுத்து வடிவம்)



நம் செயலாளர் என்னைக் கூப்பிட்டு, "சார், குழந்தைகளும் டிவியும் செல்போனும், இதைப் பத்தி ஒரு இருபது நிமிஷம் பேசுங்க" என்றார். "நான் டாக்டர் இல்லையே, மனநல நிபுணரும் இல்லையே" என்றேன். "வாத்தியாரா இருந்தீங்களே, போதும்" என்று சொல்லிவிட்டார். 1974ல் இங்கே இயற்பியலில் பட்டம் வாங்கி, முப்பத்து மூன்று வருஷம் பள்ளிக்கூடத்தில் பாடம் நடத்தியவன் நான். ஆனால் இந்த விஷயத்தைப் பேச அதைவிடப் பெரிய தகுதி ஒன்று எனக்கு உண்டு. இதில் நான் இரண்டு தடவை தப்புப் பண்ணியவன். ஒரு தடவை அப்பாவாக, இன்னொரு தடவை தாத்தாவாக. அந்த இரண்டையும் இந்த மேடையில் ஒப்புக்கொண்டு போகலாம் என்றுதான் வந்தேன்.

முதலில் கொஞ்சம் பழைய கதை. நாங்கள் படித்த காலத்தில் விடுதிக்கு ஒரே ஒரு ரேடியோ. பொது அறையில், வார்டன் கைக்கு மட்டும் எட்டுகிற உயரத்தில் இருக்கும். திருச்சி வானொலி நிலையம் 1939 மே 16லேயே தொடங்கிவிட்டபடியால், ரேடியோ கேட்பது நம் ஊர்க்காரர்களுக்குத் தாத்தா காலத்துப் பழக்கம். டில்லியிலிருந்து சரோஜ் நாராயண்சுவாமி செய்தி வாசிக்கத் தொடங்கினால் இட்லிக்கு வரிசையில் நிற்பவர்கள்கூட ஒரு நிமிஷம் பேச்சை நிறுத்துவார்கள். ஆனால் ரேடியோ யாரையும் கட்டிப் போட்டதில்லை. கேட்டுக்கொண்டே சட்டைக்கு இஸ்திரி போடலாம். கேட்டுக்கொண்டே சண்டையும் போடலாம். நாங்கள் இரண்டும் செய்தோம்.

சென்னையில் தொலைக்காட்சி நிலையம் 1975 ஆகஸ்ட் 15ல் தொடங்கியது. நமக்கு அது அடுத்த தெருக் கல்யாணம் மாதிரி. மேளச் சத்தம் கேட்கும், இலை போட மாட்டார்கள். எங்கள் வீட்டுக்கு அந்தப் பெட்டி வர இன்னும் பதினோரு வருஷம் ஆயிற்று. 1986ல் தவணை முறையில் ஒரு கறுப்பு வெள்ளை சாலிடேர் பெட்டி வாங்கினேன். ஸ்ரீரங்கத்தில் எங்கள் தெருவில் அது மூன்றாவதோ நான்காவதோ பெட்டி. மொட்டை மாடியில் என் மைத்துனன் ஆன்டெனாக் குழாயைப் பிடித்துக்கொண்டு நிற்பான். கீழேயிருந்து நாங்கள் கத்துவோம். "இன்னும் கொஞ்சம்... புள்ளியா வருது... ஆங், நிறுத்து! ஐயோ, போயிடுச்சு!" ஒருவழியாகப் படம் நின்றால் குரங்கு வந்து ஒரு ஆட்டு ஆட்டிவிட்டுப் போகும். மறுபடியும் முதலிலிருந்து தொடங்க வேண்டும்.

1987ஆம் வருஷத்தை ஸ்ரீரங்கத்துக்காரர்கள் மறக்க மாட்டார்கள். தலைமுறை தலைமுறையாக மொட்டைக் கோபுரமாகவே நின்ற தெற்கு ராஜகோபுரம், பதின்மூன்று நிலைகளோடு 236 அடி உயரத்துக்கு எழும்பி, மார்ச் 25ஆம் தேதி கும்பாபிஷேகம் கண்டது. அதற்குச் சரியாக இரண்டு மாதம் முன்னால், ஜனவரி 25 ஞாயிற்றுக்கிழமை, தூர்தர்ஷனில் ராமானந்த் சாகரின் 'ராமாயண்' தொடர் ஆரம்பித்தது. கம்பர் தம் ராமகாதையை அரங்கேற்றியதாகச் சொல்லப்படும் மண்டபம், தாயார் சந்நிதிக்கு எதிரே இன்றும் இருக்கிறது. அந்த ஊரில் உட்கார்ந்துகொண்டு நாங்கள் இந்தியில் ராமாயணம் பார்த்தோம்! எங்களில் ஒருத்தருக்கும் இந்தி தெரியாது.

ஞாயிற்றுக்கிழமை காலையில் எங்கள் கூடத்தில் நாற்பது பேர் இருப்பார்கள். பாட்டிமார்கள் சுவரோரம், குழந்தைகள் தரையில், வாலிபர்கள் ஜன்னல் கம்பியில். திரையில் ராமர் ஏதோ சொல்லுவார். "என்ன சொல்றார் பாட்டி?" என்று ஒரு குழந்தை கேட்கும். எதிர்வீட்டுப் பாட்டி பதில் சொல்லுவார். பாட்டிக்கும் இந்தி தெரியாதுதான். ஆனால் கதை தெரியுமே! "அது அப்படி இல்ல, அங்கதான் ரெண்டு வரம் கேக்கறா" என்று இன்னொரு பாட்டி திருத்துவார். "வரம்னா என்ன?" என்று அடுத்த கேள்வி வரும். அந்த நேரத்தில் பெட்டி பேசியதைவிடக் கூடம் பேசியதுதான் அதிகம். அந்தப் பேச்சின் அருமை அப்போது எனக்குத் தெரியவில்லை. "கொஞ்சம் சும்மா இருங்களேன், வசனம் கேக்கல" என்று நானே அதட்டியிருக்கிறேன். புரியாத வசனத்துக்கு!

அதன் பிறகு நடந்தது உங்கள் எல்லோருக்கும் தெரியும். 1990களின் தொடக்கத்தில் கேபிள் வந்தது. 1993 ஏப்ரல் 14, தமிழ்ப் புத்தாண்டு அன்று சன் டிவி வந்தது. 2006 செப்டம்பரில் தமிழக அரசு இலவச கலர் டிவி கொடுக்கத் தொடங்கியது. அதைக் கேலி செய்தவர்கள் உண்டு. நான் கேலி செய்யவில்லை. அடுத்தவர் வீட்டு ஜன்னலில் தொங்கிக்கொண்டு பார்த்து, "போடா வெளியே" என்று விரட்டப்பட்ட பிள்ளைகளை நான் வகுப்பில் பார்த்தவன். அவர்கள் சொந்த வீட்டில், சொந்தத் தரையில் உட்கார்ந்து பார்த்தது நியாயம்தான். 2007 ஏப்ரலில் குழந்தைகளுக்கென்றே தமிழில் சுட்டி டிவி வந்தது. டோராவும் ஜாக்கி சானும் நம் வீட்டுப் பிள்ளைகளோடு தமிழில் பேசினார்கள். 2016 செப்டம்பரில் ஜியோ வந்து, இணையம் தண்ணீர் பட்ட பாடாயிற்று. 2020 மார்ச்சில் கொரோனாவால் பள்ளிகள் மூடப்பட்டன. ஒன்றிலிருந்து எட்டாம் வகுப்பு வரையிலான பிள்ளைகளுக்கு நம் மாநிலத்தில் 2021 நவம்பர் 1ஆம் தேதிதான் மறுபடி பள்ளிக்கூட வாசல் திறந்தது. பத்தொன்பது மாதம்! அந்தப் பத்தொன்பது மாதமும் போன்தான் பள்ளிக்கூடம். போன் வாங்க வழியில்லாத வீடுகளில் 2019 ஆகஸ்டில் தொடங்கியிருந்த கல்வித் தொலைக்காட்சிதான் வாத்தியார். ஆகவே திரையை வைது கைதட்டல் வாங்க நான் வரவில்லை. அது சோறு போட்ட நாளும் உண்டு.

ஆனால் ஒரு கணக்கை மட்டும் பாருங்கள். 1987ல் ஒரு பெட்டிக்கு எதிரே நாற்பது பேர் உட்கார்ந்தோம். 1997ல் ஒரு பெட்டிக்கு ஒரு குடும்பம், நாலு பேர். இன்று ஒரு பெட்டிக்கு ஒருவர். குழந்தை தனியாகப் பார்க்கிறது, காதிலும் ஒன்றை மாட்டிக்கொண்டு. "என்ன சொல்றார் பாட்டி?" என்று கேட்க அதற்குப் பக்கத்தில் ஆள் இல்லை. பாட்டி இருக்கிறார், அவரும் தனியாக இன்னொன்று பார்த்துக் கொண்டிருக்கிறார்.

இப்போது என் முதல் தப்புக்கு வருகிறேன். 1996ல் என் மகன் பத்தாம் வகுப்பு. அப்போது டிவிப் பெட்டிகளுக்கு மரத்தில் கதவு வைத்து அலமாரி செய்வார்கள், ஞாபகம் இருக்கிறதா? எங்கள் வீட்டிலும் இருந்தது. பரீட்சை வருகிறது என்று அதற்குப் பூட்டுப் போட்டேன். சாவியைப் பூணூல் மாதிரி எப்போதும் உடம்போடு வைத்துக்கொண்டு திரிந்தேன். அந்த வருஷம் உலகக் கோப்பை கிரிக்கெட். மார்ச் 9, பெங்களூரில் இந்தியாவுக்கும் பாகிஸ்தானுக்கும் கால் இறுதி. நான் என்ன செய்தேன்? பையன் உள் அறையில் படிக்கிறான் என்று, பூட்டைச் சத்தமில்லாமல் திறந்து, ஒலியை அடியோடு குறைத்து, பெட்டிக்கு ஒரு அடி தூரத்தில் உட்கார்ந்து கடைசிப் பந்து வரைக்கும் பார்த்தேன். மறுநாள் காலையில் மறுபடி பூட்டு.

பல வருஷம் கழித்து, அவனுக்கே கல்யாணம் ஆன பிறகு ஒரு நாள் சொன்னான். "அப்பா, அன்னிக்கு ஜடேஜா அடிச்ச ஒவ்வொரு அடியும் எனக்கு உள்ள கேட்டுச்சுப்பா. உங்க மூச்சு சத்தத்துலேயே ஸ்கோர் தெரிஞ்சுச்சு." எல்லோரும் சிரித்தோம். ஆனால் எனக்கு உள்ளே சுருக்கென்றது. டிவி கெடுதல் என்று நான் அவனுக்குச் சொல்லித் தரவில்லை. பெரியவனானால் பூட்டைத் திறந்துகொள்ளலாம் என்றுதான் சொல்லித் தந்திருக்கிறேன்.

இரண்டாவது தப்பு இதைவிடப் பெரியது. சிரிக்கிற மாதிரி இல்லை.

என் பேரன் 2018ல் பிறந்தான். கொரோனா வந்ததும் மகனும் மருமகளும் ஸ்ரீரங்கத்துக்கே வந்து, வீட்டிலிருந்தே கம்பெனி வேலை பார்த்தார்கள். இரண்டு அறை, இரண்டு லேப்டாப், இரண்டு மூடின கதவு. குழந்தையை வைத்துக்கொள்ள வேண்டியது நானும் என் மனைவியும். தெருவில் இறங்கக் கூடாது, கோயிலுக்குப் போகக் கூடாது, அடுத்த வீட்டுக் குழந்தை வரக் கூடாது. அவன் சாப்பிட மறுத்தான். ஒரு நாள் போனில் ஒரு பாட்டைப் போட்டுக் காட்டினேன். வாய் தானாகத் திறந்தது. ஊட்டினேன், முழுக் கிண்ணமும் காலி. "தாத்தா கைராசி" என்று வீட்டில் பாராட்டு. அன்றைக்கு ஆரம்பித்தது. காலையில் ஒரு கிண்ணம், மத்தியானம் ஒரு கிண்ணம், ராத்திரி ஒரு கிண்ணம். அப்புறம் சாப்பாடு இல்லாத நேரத்திலும்.

இரண்டரை வயதாயிற்று. பேச்சு வரவில்லை. "ம்ம்", "தா" என்பதைத் தவிர ஒன்றும் இல்லை. பெயர் சொல்லிக் கூப்பிட்டால் திரும்ப மாட்டான். போனில் அந்தப் பாட்டின் முதல் தாளம் கேட்டால் மட்டும் பறந்து வருவான். "அவங்க அப்பாவும் லேட்டாத்தான் பேசினான்" என்று நாங்கள் ஒருவருக்கொருவர் பொய் சொல்லிக்கொண்டோம். கடைசியில் திருச்சியில் ஒரு குழந்தை மருத்துவரிடம் கூட்டிக்கொண்டு போனோம். முதலில் காது கேட்கிறதா என்று சோதனை செய்யச் சொன்னார். கேட்கிறது. வேறு சில சோதனைகளும் செய்தார். பிறகு என்னைப் பார்த்து ஒரே ஒரு கேள்வி கேட்டார். "ஐயா, வீட்ல இவன்கூட யார் பேசறீங்க?"

எனக்குப் பதில் வரவில்லை. முப்பத்து மூன்று வருஷம் வகுப்பில் வாய் ஓயாமல் பேசியவன் நான்.

நண்பர்களே, ஒன்றைத் தெளிவாகச் சொல்லிவிட வேண்டும். பேசத் தாமதமாகும் எல்லாக் குழந்தைக்கும் காரணம் போன்தான் என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். காது கேளாமை இருக்கலாம், ஆட்டிசம் இருக்கலாம், வேறு எத்தனையோ இருக்கலாம். அதையெல்லாம் பார்க்க வேண்டியவர் மருத்துவர். தாமதம் என்று தோன்றினால் உடனே போங்கள், எங்களை மாதிரி ஆறு மாதம் கடத்தாதீர்கள். குழந்தையின் தாயைக் குறை சொல்லும் வழக்கத்தையும் இன்றோடு விட்டுவிடுங்கள். எங்கள் வீட்டில் போனைக் கொடுத்தது தாத்தா.

வீட்டுக்கு வந்ததும் வாத்தியார் புத்தி, படிக்க ஆரம்பித்தேன். மூன்று விஷயங்களை உங்களோடு பகிர்ந்துகொள்கிறேன்.

முதலாவது, அமெரிக்காவில் சியாட்டில் நகரில் பாட்ரிசியா குல் என்ற அறிஞர் 2003ல் வெளியிட்ட ஆய்வு. ஆங்கிலம் மட்டும் கேட்டு வளரும் ஒன்பது மாதக் குழந்தைகளுக்குச் சீன மொழியைக் காட்டினார்கள். ஒரு கூட்டத்துக்குச் சீனம் பேசும் ஆட்கள் நேரில் வந்து, மடியருகே உட்கார்ந்து, பொம்மை காட்டிப் பேசினார்கள். இன்னொரு கூட்டத்துக்கு அதே ஆட்கள், அதே பேச்சு, டிவியில். பன்னிரண்டு தடவை. நேரில் கேட்ட குழந்தைகள் சீன மொழியின் ஒலி வேறுபாடுகளைப் பிரித்தறியக் கற்றுக்கொண்டார்கள். டிவியில் பார்த்த குழந்தைகள் கற்றுக்கொள்ளவில்லை. ஏன்? டிவி, குழந்தையின் கண்ணைப் பார்ப்பதில்லை. குழந்தை 'ங்க' என்றால் அது பதிலுக்கு 'ங்கா' என்று சொல்வதில்லை. பச்சைக் குழந்தைக்கு மொழி என்பது போய் வருகிற பந்து. திருப்பி அடிக்க எதிரே ஆள் வேண்டும்.

இரண்டாவது, 2009ல் வந்த ஒரு ஆய்வு. சின்னக் குழந்தைகளின் சட்டையில் ஒரு ஒலிப்பதிவுக் கருவியை மாட்டி, வீட்டில் நாள் முழுவதும் என்ன பேச்சு காதில் விழுகிறது என்று எண்ணினார்கள். டிவி ஓடும் ஒவ்வொரு மணி நேரத்துக்கும், பெரியவர்கள் பேசிக் குழந்தை காதில் விழும் சொற்கள் சுமார் 770 குறைந்தன. குழந்தை டிவி பார்த்தது என்பது இல்லை. டிவி சும்மா ஓடினாலே நாம் பேச மறந்துவிடுகிறோம்.

மூன்றாவது, எனக்கு ரொம்பப் பிடித்தது. கனடா நாட்டில் ஒரு சின்ன ஊர். பள்ளத்தாக்கில் இருந்ததால் 1973 வரை அங்கே டிவி எடுக்கவில்லை. மற்றபடி ரேடியோ, ரோடு, பள்ளிக்கூடம் எல்லாம் உண்டு. டிவி வரப்போகிறது என்று தெரிந்ததும், டானிஸ் மக்பெத் வில்லியம்ஸ் என்ற பெண்மணியின் தலைமையில் ஆராய்ச்சியாளர்கள் அங்கே போய், டிவி வருவதற்கு முன்னும், வந்து இரண்டு வருஷம் கழித்தும் அளந்து பார்த்தார்கள். ஊர்ப் பெயரைச் சொல்லாமல் 'நோடெல்' என்று பெயர் வைத்தார்கள். முழு விவரமும் 1986ல் புத்தகமாக வந்தது. நான் சாலிடேர் வாங்கிய அதே வருஷம்! டிவிக்கு முன்னால், "ஒரு செய்தித்தாளை எத்தனை விதமாகப் பயன்படுத்தலாம்?" என்பது போன்ற கேள்விகளுக்கு அந்த ஊர்ப் பிள்ளைகள், டிவி இருந்த பக்கத்து ஊர்ப் பிள்ளைகளைவிட அதிகமாக யோசனை சொன்னார்கள். இரண்டே வருஷத்தில் அந்த வித்தியாசம் மறைந்தது. விளையாட்டுத் திடலில் அடிதடி கூடியது. ஊர்க் கூட்டங்களுக்கும் விளையாட்டுகளுக்கும் வருகிறவர்கள் குறைந்தார்கள். முக்கியமாக, வயதானவர்கள் வருவது குறைந்தது.

இந்தக் கடைசி வரியைப் படித்தபோது எனக்கு எங்கள் தெருத் திண்ணை ஞாபகம் வந்தது. திண்ணையில் யாரும் டிவியைப் பற்றிக் கோபப்பட்டு எழுந்து போகவில்லை. ஒவ்வொருவராக உள்ளே போனார்கள், திரும்பி வரவில்லை, அவ்வளவுதான்.

ஆகவே நான் புரிந்துகொண்டது இது. திரையில் என்ன வருகிறது என்று பார்க்க வேண்டியதுதான். 1997ல் சக்திமான் தொடர் வந்தபோது, குழந்தைகள் அவரைப் போலப் பறக்கப் பார்க்கிறார்கள் என்று கவலை எழுந்து, நாயகனாக நடித்த முகேஷ் கன்னாவே திரையில் தோன்றிப் புத்தி சொன்னாரே! ஆனால் அதைவிடப் பெரிய கேள்வி, இந்தத் திரை எதை நகர்த்திவிட்டு அந்த இடத்தில் உட்கார்ந்திருக்கிறது என்பதுதான். தூக்கத்தையா? தெருவையா? பாட்டியையா? எங்கள் வீட்டில் அது நகர்த்தியது பேச்சை.

நேரக் கணக்கும் சொல்லிவிடுகிறேன், எழுதிக்கொள்கிறவர்கள் எழுதிக்கொள்ளுங்கள். உலக சுகாதார நிறுவனம் 2019ல் சொன்னது: ஒரு வயதுக் குழந்தை வரை திரையே வேண்டாம். இரண்டிலிருந்து நான்கு வயது வரை ஒரு மணி நேரத்துக்கு மேல் கூடாது, குறைந்தால் இன்னும் நல்லது. நம் இந்தியக் குழந்தை மருத்துவர்கள் கழகம் இரண்டு வயது வரை வேண்டாம் என்கிறது. ஐந்து வயது வரை ஒரு மணி நேரத்துக்குள், ஐந்திலிருந்து பத்து வரை இரண்டு மணி நேரத்துக்குள் என்கிறது. வெளிநாட்டில் பேரன் பேத்தி இருப்பவர்கள் பதறாதீர்கள். அவர்களோடு வீடியோவில் பேசுவதற்கு விதிவிலக்கு உண்டு. அங்கே எதிரில் ஆள் இருக்கிறாரே, பந்து திரும்பி வருகிறதே!

கண்ணைப் பற்றியும் ஒரு வார்த்தை. சீனாவில் குவாங்சோ நகரத்தில், ஆறு வயதுப் பிள்ளைகளுக்குத் தினமும் நாற்பது நிமிஷம் கூடுதலாக வெளியில் ஒரு வகுப்பு வைத்தார்கள். 2015ல் முடிவு வெளிவந்தது. மூன்று வருஷத்தில் கிட்டப்பார்வை வந்தவர்கள், வெளியே போகாத பள்ளிகளில் நூற்றுக்கு நாற்பது பேர், வெளியே போன பள்ளிகளில் நூற்றுக்கு முப்பது பேர். மருந்து இல்லை, கண்ணாடி இல்லை. வெறும் வெளிச்சம், நாற்பது நிமிஷம். நம் திருச்சி வெயிலைத் திட்டுகிறோம், அதற்கும் ஒரு உபயோகம் இருக்கிறது. காலையிலோ சாயங்காலமோ அனுப்புங்கள், போதும்.

என்ன செய்யலாம்? மகாராஷ்டிராவில் சாங்லி மாவட்டத்தில் மோகித்யாஞ்சே வட்காவ் என்று ஒரு கிராமம். கொரோனாவுக்குப் பிறகு பிள்ளைகள் போனை விடவில்லை. 2022ல் கிராமமே கூடி ஒரு முடிவெடுத்தது. சாயங்காலம் ஏழு மணிக்கு ஊர்க் கோயிலில் சைரன் ஒலிக்கும். எல்லா வீட்டிலும் டிவியும் போனும் நிற்க வேண்டும். எட்டரைக்கு மறுபடி சைரன். இடையில் ஒன்றரை மணி நேரம் படிப்பு, பேச்சு. இதில் எனக்குப் பிடித்தது, பெரியவர்களும் நிறுத்த வேண்டும் என்பது. 1996ல் எங்கள் வீட்டில் அந்தச் சைரன் ஒலித்திருந்தால் நான் ஜடேஜாவைப் பார்த்திருக்க முடியாது. பரவாயில்லை, ஸ்கோரை மறுநாள் பேப்பரில் படித்திருப்பேன்.

நமக்குச் சைரன் வேண்டாம். விளக்கு வைக்கிற நேரம் என்று ஒன்று நம் வீடுகளில் இருந்ததே, அதுவே போதும். விளக்கு ஏற்றாத வீடுகளிலும் சாயங்காலம் என்று ஒன்று வருகிறது. அந்த நேரத்திலிருந்து சாப்பாடு முடிகிற வரைக்கும் எல்லாப் போனும் ஒரே தட்டில் இருக்கட்டும். தாத்தா போன் உட்பட. சாப்பாட்டுத் தட்டுக்குப் பக்கத்தில் திரை வேண்டாம். படுக்கிற அறைக்குள் வேண்டாம். குழந்தை பார்க்கிறபோது பக்கத்தில் உட்காருங்கள், "அது ஏன் அழுவுது?" என்று கேளுங்கள். மற்றதை அவன் கேட்பான். வேலைக்குப் போய் அலுத்து வரும் தாய் தகப்பன் அரை மணி நேரம் குழந்தை கையில் போனைக் கொடுத்துவிட்டுச் சமைத்தால், அது பாவம் என்று நான் சொல்ல மாட்டேன். அந்த அரை மணியைத் தாத்தா பாட்டி, அக்கா அண்ணன், அடுத்த வீட்டுக்காரர் யாராவது வாங்கிக்கொள்ள முடியுமா என்று மட்டும் பாருங்கள்.

மாணவச் செல்வங்களே, உங்களுக்கும் ஒன்று. நீங்கள் பெரியவர்கள், உங்கள் போனைப் பிடுங்க எனக்கு உரிமை இல்லை. ஆனால் உங்கள் வீட்டில் மூன்று வயதுத் தங்கையோ, அக்கா குழந்தையோ இருந்தால், அது அம்மாவிடம் கற்பதைவிட உங்களிடம் கற்பது அதிகம். சாயங்காலம் பத்து நிமிஷம் அதோடு ஏதாவது பேசுங்கள். அதில் நீங்கள் இழப்பது ஒன்றுமில்லை, அந்தப் போன் உங்களுக்காக அங்கேயேதான் காத்திருக்கும்.

கடைசியாக, பேரன் கதையை முடிக்காமல் விட்டால் வீட்டுக்குப் போகும்போது என்னைத் திட்டுவீர்கள். மருத்துவர் சொன்னபடி போனை நிறுத்தினோம். முதல் பத்து நாள் நரகம். அழுகை, பட்டினி, உருளல். என் மனைவி இரண்டு தடவை போனை எடுத்துவிட்டாள், நான் மூன்று தடவை. பேச்சுப் பயிற்சிக்கும் வாரா வாரம் கூட்டிப் போனோம். ஊர் அடங்கி நிலைமை சரியானதும் அம்மா மண்டபம் படித்துறைக்குப் போனோம். கொள்ளிடக் கரைக்குப் போய்ப் பாலத்தில் ரயில் போவதைப் பார்த்தோம். நான் ஓயாமல் பேசினேன். "இது வாழை. இது தண்ணி. ரயில் வருது பாரு, ரயில் போயிடுச்சு." பைத்தியம் மாதிரி. பதிலே வராத வகுப்புக்குப் பாடம் நடத்துவது எனக்குப் புதிது இல்லை!

மூன்று மாதம் ஆனது. ஒரு சாயங்காலம் மொட்டை மாடியில் நின்றோம். ஒரு பக்கம் ராஜகோபுரம், இன்னொரு பக்கம் தூரத்தில் மலைக்கோட்டை. எங்கள் பழைய ஆன்டெனாக் கம்பி இன்னும் மாடிச் சுவரில் துருப்பிடித்து நிற்கிறது, எடுத்துப் போடச் சோம்பல். அதன் மேல் ஒரு காக்காய் வந்து உட்கார்ந்தது, கொஞ்ச நேரம் இருந்தது, பறந்தது. அவன் என் வேட்டியைப் பிடித்து இழுத்தான். நிமிர்ந்து என் முகத்தைப் பார்த்துச் சொன்னான்:

"தாத்தா, காக்கா போச்சு."

நான் எத்தனையோ மாணவர்களிடம் எத்தனையோ பதில்கள் வாங்கியிருக்கிறேன். அன்றைக்குக் கிடைத்த மாதிரி ஒன்று கிடைத்ததில்லை. "ஆமாண்டா கண்ணா, எங்க போச்சு?" என்று கேட்டேன். கையை நீட்டிக் காவேரிப் பக்கம் காட்டினான்.

இன்று வகுப்பில் அதிகம் பேசுகிறான் என்று அவன் பள்ளியிலிருந்து புகார் வருகிறது. அந்தப் புகார்க் கடிதத்தை நான் பத்திரமாக வைத்திருக்கிறேன்.